மூன்றாவது டிரம்

ஊசி உள்ளே போனதும் காற்று சீறிக்கொண்டு வெளியே வந்தது. சைக்கிள் டியூபிலிருந்து வால்வைப் பிடுங்கினால் வருகிற சத்தம். புளித்த தீனியின் நாற்றம் ரேடியோக் கூடாரம் முழுக்கப் பரவியது. லோர்னா ஊசியை இரண்டு விரல்களால் அசையாமல் பிடித்துக்கொண்டு சத்தம் அடங்கக் காத்திருந்தாள். நாயின் தலையை மடியில் வைத்திருந்த இன்னொரு நாய்க்காரி ட்ரூடி மூக்கைத் தன் தோளில் புதைத்துக்கொண்டாள்.

"வயிறு இறங்குதா?"

"கொஞ்சம்."

"கொஞ்சம்னா?"

"கொஞ்சம்னா கொஞ்சம்தான். உள்ள முறுக்கிக்கிட்டிருக்கு, ட்ரூடி. அதைப் பிரிச்சு விடணும்னா கத்தி வெக்கணும். கத்தி வெக்கிறவ கீழ ஊர்ல உக்காந்திருக்கா."

"எத்தன மணிக்குள்ள?"

"அஞ்சுன்னு ரேடியோவுல சொன்னா. அதுக்கு மேல போனா வெட்டினாலும் ஒண்ணு, வெட்டாட்டியும் ஒண்ணு."

மணி ஒன்றேகால் ஆகியிருந்தது. ஊர் ஹெலிகாப்டரில் பன்னிரண்டு நிமிட தூரம். ஆனால் ஆறு நாட்களாக எந்த ஹெலிகாப்டரும் மேலே வரவில்லை. முகாம் போட்டிருந்த பனியாற்றின் மேல் மூடுபனி வந்து உட்கார்ந்திருந்தது, வாடகைக்கு வந்தவன் காலி செய்ய மறுப்பதுபோல.

நாயின் பெயர் கெட்டில். ஒன்பது வயதுப் பெட்டை. லோர்னாவின் வீட்டுச் சமையலறைக் கூரை பனியின் பாரத்தால் இடிந்து விழுந்த வாரத்தில் பிறந்த குட்டிகளில் ஒன்று. அந்த ஈற்றுக் குட்டிகள் எல்லாவற்றுக்கும் சமையலறைச் சாமான்களின் பெயர்: கெட்டில், ஸ்பூன், மக், பிளேட். பிளேட் குட்டியிலேயே செத்துப்போனது. மக்கை யாரோ வாங்கிப் போனார்கள். ஸ்பூன் வெளியே சங்கிலியில் படுத்து, கூடாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

தப்பு லோர்னாவுடையது. அதை யாரும் அவளிடம் சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இல்லை. பறக்க முடியாத நாட்களில் சறுக்குவண்டிக்கு முன்னால் ஓடும் மூத்த தலைநாய்களைச் சங்கிலியிலிருந்து அவிழ்த்துவிடுவது முகாமில் வழக்கம். இருநூறு நாய்கள் கட்டுக்குள் குரைத்துக்கொண்டிருக்க, நாலைந்து கிழடுகள் மட்டும் பஞ்சாயத்துத் தலைவர்கள் மாதிரி நடுவில் உலாத்தும். கெட்டிலும் உலாத்தினாள். காலையில் லோர்னா தீனிக் கூடாரத்துக்குப் போய் மூட்டைகளை எண்ணினாள். மூன்று நாளுக்குத்தான் வரும். அந்தக் கவலையோடு வெளியே வந்தவள் வாசல் ஜிப்பைப் பாதிதான் இழுத்துவிட்டாள். கெட்டில் உள்ளே புகுந்து கால் மூட்டை உலர்தீனியைத் தின்றாள். பிறகு பனியைத் தின்றாள். பிறகு குட்டிபோல் குதித்து ஓடினாள். நண்பகலில் முதுகை வளைத்து வாந்தியெடுக்கப் பார்த்தபோது ஒன்றும் வரவில்லை. வயிறு மட்டும் மத்தளம் மாதிரி உப்பிக்கொண்டே போனது.

லோர்னாவுக்கு ஐம்பத்து மூன்று வயது. பத்தொன்பது வயதில் மீன் டப்பா அடைக்கும் ஆலையில் வேலைக்குச் சேர்ந்தாள். பன்னிரண்டு வருடம் சால்மன் மீன்களின் தலையைச் சீவினாள். அங்கே ரோல்ஃப் என்பவனைக் கட்டிக்கொண்டாள். அவன்தான் நாய்ப் பைத்தியம். பந்தயத்தில் ஓட்டப்போகிறேன் என்று முப்பது நாய் சேர்த்தான். ஒரு வசந்தத்தில் லாரியையும் நல்ல நாய்கள் பதினொன்றையும் ஓட்டிக்கொண்டு போனவன் திரும்பி வரவில்லை. மிஞ்சிய நாய்களை என்ன செய்வது என்று தெரியாமல் லோர்னா அவற்றுக்குச் சோறு போட ஆரம்பித்தாள். அதுவே வாழ்க்கையாகிவிட்டது. குளிர்காலத்தில் பள்ளிக்கூட பஸ் ஓட்டினாள். கோடையில் நாய்களோடு இந்தப் பனியாற்றுக்கு வந்தாள். இது பதினொன்றாவது கோடை.

வேலை எளிது. ஊர்த் துறைமுகத்தில் சுற்றுலாக் கப்பல்கள் வந்து நிற்கும். கப்பலிலிருந்து இறங்குகிறவர்களை ஹெலிகாப்டர் மலைகளுக்கு மேலே சுற்றிக் காட்டும், கீழ்ப் பனியாற்றில் நீல ஐஸ் மேல் இறக்கிக் கால்மணி நேரம் நடக்கவிடும், பிறகு மேலே முகாமுக்குக் கொண்டுவரும். லோர்னா அவர்களைச் சறுக்குவண்டியில் ஏற்றி நாய்களை ஓட்டுவாள். மதியச் சாப்பாட்டுக்கு அவர்கள் கப்பலுக்குத் திரும்பியிருப்பார்கள். வாழ்நாள் ஆசைகளில் மூன்றைக் காலைப் பலகாரத்துக்கும் மதியச் சாப்பாட்டுக்கும் நடுவில் முடித்துக்கொள்கிற மனிதர்களை லோர்னா கேலி செய்ததில்லை. எல்லோரிடமும் அதே எட்டு வாக்கியங்களைச் சொல்வாள். ஏழாவது வாக்கியம், "இவதான் கெட்டில், என்னைவிட புத்திசாலி." எல்லோரும் சிரிப்பார்கள். அது உண்மை என்பதால் லோர்னா சிரிக்கமாட்டாள்.

கூடாரத் திரையை விலக்கிக்கொண்டு வெண்டல் உள்ளே வந்தான். முகாமின் பொறுப்பாளன். நாற்பத்தெட்டு வயது. தாடியில் மூடுபனி முத்து முத்தாகக் கோத்திருந்தது.

"எத்தன?" என்றாள் லோர்னா.

"ஒண்ணு."

"இன்னொரு வாட்டி பாரு."

"இப்பத்தான பாத்துட்டு வர்றேன்? ஒண்ணுதான். அதுவும் டிரம்னு தெரிஞ்சவனுக்குத்தான் டிரம். தெரியாதவனுக்குக் கரடி."

நாய்க்கழிவை அடைத்த கறுப்பு டிரம்கள் நான்கு, ரேடியோக் கூடார வாசலிலிருந்து சரிவு முழுக்க இருநூறு தப்படிக்கு ஒன்றாக வரிசையில் நின்றன. காற்றுக்கு அசையாத கனம். வெள்ளையில் வெள்ளை தவிர ஒன்றுமே இல்லாத அந்த இடத்தில், தரை எங்கே வானம் எங்கே என்று மேலேயிருந்து பார்க்கிற பைலட்டுக்குத் தெரிவது அந்த நான்கையும் வைத்துத்தான். முகாமில் ஒருவர் வாசலில் நின்று எத்தனை தெரிகிறது என்று எண்ணி ரேடியோவில் சொல்லவேண்டும். மூன்று தெரிந்தால் வருவார்கள்.

எண்ணுவதற்கு ஒரு விதி உண்டு. எங்கும் எழுதி ஒட்டவில்லை. கீழே யாருக்கு வேலை இருக்கிறதோ அவர் எண்ணக்கூடாது. பல் வலிக்கிறவர் எண்ணக்கூடாது. பிறந்த நாளுக்கு வீட்டுக்குப் போகவேண்டியவர் எண்ணக்கூடாது. சிகரெட் தீர்ந்துபோனவரைக்கூட எண்ண விடமாட்டார்கள். ஒன்பது வருடத்துக்கு முன்னால் ஒரு நாய்க்காரனுக்குத் தன் மகளின் கல்யாணத்துக்குப் போகவேண்டியிருந்தது. அவன் எண்ணி, நான்கு என்றான். பொய் சொன்னதாக அவன் இன்றுவரை ஒத்துக்கொள்ளவில்லை, தனக்கு நான்கு தெரிந்தது என்றே சொல்கிறான். பைலட் இன்னும் முப்பது அடி இருக்கிறது என்று நினைத்தபோது தரை வந்துவிட்டது. அந்தப் பைலட் பிறகு எழுந்து நடக்கவில்லை.

"மெரிட் ரேடியோவுல இருக்கான். உன்கிட்ட பேசணுமாம்," என்றான் வெண்டல்.

ஹெலிகாப்டர் ஓட்டும் மெரிட்டும் லோர்னாவும் ஒரே கோடையில் வேலைக்கு வந்தவர்கள். அவன் எல்லோரையும் பாஸ் என்பான். லோர்னாவின் பான்கேக்குக்காகவே காலையில் ஐந்து நிமிடம் முன்னதாக வந்து இறங்குவான்.

"பாஸ், கெட்டில் எப்படி இருக்கா?"

"ஊசி போட்டுக் காத்தை எடுத்தேன். மறுபடி உப்புது."

"கேளு. இங்க கீழ எல்லாம் சுத்தமா இருக்கு. நீல ஐஸ் வரைக்கும் பளிச்சுனு இருக்கு. அங்க இப்பவே இறக்கிடுவேன். அவளை அதுவரைக்கும் கொண்டு வர முடியுமா?"

நீல ஐஸ் ஏழு கிலோமீட்டர் கீழே. நடுவில் பனியாறு மலையிலிருந்து சரிந்து துண்டுதுண்டாக உடைந்து கிடந்தது. குளிர்காலத்தில் கனத்த பனி அந்த வெடிப்புகளை மூடியிருக்கும். இது ஜூலை. மேலே கிடப்பது பனி அல்ல, நனைந்த துணி. நான்காவது டிரம்மைத் தாண்டி யாரும் வண்டி ஓட்டுவதில்லை.

"பாஸ்?"

"போய்ப் பாக்கறேன்."

"லோர்னா, போக வேணாம். பாக்க மட்டும் பாரு," என்றான் வெண்டல் பின்னாலிருந்து.

அவள் ஐந்து நாய்களைப் பூட்டினாள். முன்னால் ஸ்பூன். கெட்டிலைப் போர்வையில் சுற்றி வண்டிப் பைக்குள் படுக்கவைத்தாள். ஆறு நாள் சும்மா கிடந்த நாய்கள் வெறிபிடித்ததுபோல் இழுத்தன. முதல் டிரம், இரண்டாவது டிரம், ஒவ்வொன்றும் முகத்தில் மோதுகிற அளவுக்கு வந்த பிறகுதான் தெரிந்தது. நான்காவதில் பிரேக்கை மிதித்து நிறுத்தினாள்.

அதற்குக் கீழே சரிவு மெல்ல இறங்கியது. மூடுபனிக்குள் சாம்பல் நிறத்தில் மெல்லிய கோடுகள் குறுக்கே ஓடின. பார்ப்பதற்கு வேட்டியில் விழுந்த மடிப்புகள் மாதிரி ஒன்றுமில்லாமல் இருந்தன. லோர்னா நீண்ட கம்பியை எடுத்துக்கொண்டு ஊன்றி ஊன்றி நடந்தாள். முதல் கோட்டுக்குப் பக்கத்தில் கம்பி கைப்பிடி வரை எதிர்ப்பே இல்லாமல் உள்ளே போனது. வெளியே இழுத்ததும் துளை வழியாகக் குளிர்ந்த காற்று மேலே வந்தது. துளை நீலமாக இருந்தது.

அவள் திரும்பிப் பார்த்தாள். ஸ்பூன் வாரை இழுத்து நின்று, போகலாம் என்று குரைத்தான். போ என்றால் போவான். ஐந்தும் போகும். அவை நாய்கள். கெட்டில் ஆரோக்கியமாக முன்னால் நின்றிருந்தால் போ என்றாலும் போகமாட்டாள். உட்கார்ந்துவிடுவாள். அப்படிக் குளிர்காலத்தில் உறைந்த ஆற்றின் மேல் இரண்டு தரம் உட்கார்ந்திருக்கிறாள், இரண்டு தரமும் லோர்னா கெட்ட வார்த்தையில் திட்டியிருக்கிறாள். இரண்டு தரமும் ஆற்று ஐஸ் பிறகு உடைந்தது.

கெட்டில் பைக்குள்ளிருந்து தலையைத் தூக்கினாள். வாயோரம் நுரை தொங்கியது. உடன்பிறந்தவன் குரைப்பதைக் கேட்டு, ஓட்டத்துக்குத் தயாராகிறவள்போல் முன்னங்காலை அசைத்தாள்.

"படு," என்றாள் லோர்னா. "படுடி. இன்னிக்கு உனக்கு லீவு."

ஒன்றுக்காக ஐந்து. அந்தக் கணக்கு அவளுக்கு முடிந்தது. வண்டியைத் திருப்பினாள்.

மூன்று மணிக்கு இரண்டாவது ஊசி. இந்த முறை காற்று குறைவாகவே வந்தது. ஈறுகள் வெளுத்திருந்தன. விரலால் அழுத்தினால் நிறம் திரும்பி வர நேரமாயிற்று. லோர்னா அழுத்துவதும் எண்ணுவதுமாக இருந்தாள். ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு. முதல் ஊசியின்போது இரண்டுக்குள் வந்த நிறம்.

மூன்றே முக்காலுக்கு மூடுபனி அசைந்தது. காற்று பக்கம் மாறியது. ட்ரூடிதான் முதலில் கத்தினாள்: "ரெண்டாவது தெரியுது!"

வெண்டல் ரேடியோவோடு வாசலுக்கு வந்தான். லோர்னா அவன் தோளுக்குப் பின்னால் நின்றாள்.

"ரெண்டு," என்றான் ரேடியோவில்.

"ரெண்டா? சரி. இன்ஜினை ஓடவிட்டு உக்காந்திருக்கேன். மூணுனு சொல்லுங்க, வந்து நிக்கறேன்," என்றது மெரிட்டின் குரல்.

"அதோ மூணாவது," என்றாள் லோர்னா.

"எங்க?"

"அதோ, அந்தக் கறுப்பு."

"அது உன் கண்ணுல இருக்கற கறுப்பு."

"வெண்டல். நான் உன்கிட்ட இதுவரைக்கும் ஏதாவது கேட்டிருக்கேனா? பதினோரு வருஷத்துல? லீவு கேட்டிருக்கேனா? நல்ல கூடாரம் குடுன்னு கேட்டிருக்கேனா?"

"கேட்டதில்ல."

"மூணுனு சொல்லு. அவன் வந்து சேரறதுக்குள்ள தெரிஞ்சிடும். ஏறுது, பாரு, ஏறிக்கிட்டே இருக்கு."

"தெரிஞ்சா சொல்றேன்."

"அவ உன் நாயா இருந்தா?"

வெண்டல் திரும்பி அவளைப் பார்த்தான். "என் நாயா இருந்தா நான் இங்க நிக்கமாட்டேன், லோர்னா. நீ நிப்ப. நீ எண்ணுவ. ரெண்டுனு சொல்லுவ. நான் உன்னைக் கண்டபடி திட்டுவேன். இப்ப நீ என்னைத் திட்டு. நான் என்ன வேணாம்னா சொன்னேன்?"

அவள் திட்டவில்லை. கூடாரத்துக்குள் போய் கெட்டிலின் பக்கத்தில் உட்கார்ந்தாள். ட்ரூடி நகர்ந்து இடம் விட்டாள்.

"அவன் சொல்றது சரிதான்," என்றாள் ட்ரூடி மெதுவாக.

"சரிதான்னு எனக்குத் தெரியாதா? வாயை மூடு."

நான்கு மணிக்குச் சமையல் கூடாரம் சரிந்தது. ஆறு நாள் ஈரத்தில் கனத்திருந்த கூரைத் துணி நடுக்கம்பை முறித்துக்கொண்டு அடுப்பின் மேல் விழுந்தது. யாரோ "நெருப்பு! நெருப்பு!" என்று அலறினார்கள். ட்ரூடி எழுந்து ஓடினாள். வெண்டல் ரேடியோவை மேசைமேல் வைத்துவிட்டு ஓடினான். தொடாதே என்று அவன் சொல்லவில்லை. அவனுக்கு அது தோன்றவே இல்லை.

லோர்னா மேசையைப் பார்த்தாள். எழுந்து வாசலுக்குப் போனாள். ஒன்று. இரண்டு. இரண்டுக்குப் பின்னால் வெள்ளை. அந்த வெள்ளைக்குள் மூன்றாவது இருக்கிறது, இருநூறு தப்படி தள்ளி, அதே இடத்தில். அவளே உருட்டி நிறுத்திய டிரம்.

"கேம்ப்," என்றது ரேடியோ. "எண்ணிக்கை சொல்லுங்க."

அவள் மேசைக்கு வந்து ரேடியோவை எடுத்துப் பொத்தானை அழுத்தினாள். "மூணு."

கரகரப்பினூடே மெரிட்டின் குரல் வந்தது.

"எண்ணுறது யாரு?"

"வெண்டல்."

"வெண்டலுக்கு எப்ப பாஸ் உன் குரல் வந்தது?"

"வாசல்ல நின்னு கைகாட்டறான். சமையல் கூடாரம் விழுந்துடுச்சு, ஒரே கலாட்டா. நான்தான் ரேடியோவப் பிடிச்சிருக்கேன்."

"மூணாவது முழுசா தெரியுதா, நிழலா தெரியுதா?"

"முழுசா."

"சரி. அவளைப் போர்வையில சுத்தி வை. இறங்கினதும் இன்ஜினை நிறுத்தமாட்டேன், தூக்கிப் போட்டுட்டுப் போயிக்கிட்டே இருக்கணும். நாளைக்குப் பான்கேக் ரெட்டைப் பங்கு, சொல்லிட்டேன்."

"ரெட்டைப் பங்கு," என்றாள் லோர்னா.

ரேடியோவை மேலங்கிப் பையில் போட்டுக்கொண்டாள். கெட்டிலைப் போர்வையோடு தூக்கினாள். இருபத்து நான்கு கிலோ. வயிறு கல் மாதிரி அவள் நெஞ்சில் இடித்தது. இறங்குதளத்துக்கு நடந்து பனியில் மண்டியிட்டு உட்கார்ந்தாள். சமையல் கூடாரத்துப் பக்கம் புகையும் கத்தலும். நாய்கள் எல்லாம் அந்தப் பக்கம் பார்த்துக் குரைத்தன.

முதல் ஐந்து நிமிடம் மூடுபனி அவளுக்கு உதவுவதுபோல் இருந்தது. இரண்டாவது டிரம் நன்றாகத் தெளிந்தது. அதற்குப் பின்னால் ஒரு கறை. கறை கறுத்தது. அவள் எழுந்து நின்றாள். "வா, வா," என்று டிரம்மைக் கூப்பிட்டாள். கெட்டிலின் காதில், "வந்துடுச்சு பாரு," என்றாள்.

பிறகு காற்று நின்றது. யாரும் தள்ளாமல், அவசரமில்லாமல், சரிவின் அடியிலிருந்து வெள்ளை ஏறி வந்தது. கறை போனது. இரண்டாவது டிரம் போனது. முதல் டிரம் கொஞ்ச நேரம் கரடியாக நின்று, பிறகு அதுவும் போனது. தன் பூட்ஸ் தெரிந்தது. போர்வை தெரிந்தது. வேறு எதுவும் இல்லை.

அப்போது சத்தம் கேட்டது. ஹெலிகாப்டர் கீழே எங்கோ, அவள் நிற்கிற இடத்துக்கும் கீழே இருந்தது. மூடுபனிக்குள் சத்தத்துக்குத் திசை கிடையாது. இடதில் கேட்டது, பிறகு வலதில், பிறகு பனிக்கு அடியிலிருந்தே கேட்பதுபோல் இருந்தது.

"பாஸ்," என்றது பைக்குள்ளிருந்து மெரிட்டின் குரல். அதில் விளையாட்டு இல்லை. "நாலாவது டிரம் பாத்தேன். மூணாவது எங்க? எனக்கு ஒண்ணும் தெரியல. வெண்டல் என்ன சொல்றான்?"

லோர்னா கெட்டிலைப் பார்த்தாள். கெட்டில் அவளைப் பார்த்தாள். மூச்சு மேலோட்டமாக, சின்னதாக, வேகமாகப் போய்க்கொண்டிருந்தது. ஹெலிகாப்டர் சத்தத்துக்கு அவள் காது நிமிர்ந்தது. அந்தச் சத்தம் வந்தால் ஓட்டம் உண்டு. ஒன்பது வருடத்தில் அது பொய்த்ததில்லை.

"பாஸ், சொல்லு. இன்னும் மெதுவா வரவா? எத்தன தெரியுது?"

அவள் ரேடியோவை வெளியே எடுத்தாள். பொத்தானை அழுத்தினாள்.

"திரும்பு, மெரிட்."

"என்ன?"

"திரும்பிப் போ. வெண்டல் எண்ணல. நான்தான் எண்ணினேன்."

"எத்தன தெரியுதுன்னு கேட்டேன்."

"ஒண்ணும் தெரியல. ஒண்ணுமே தெரியல. திரும்பு. திரும்புடா!"

சத்தம் மட்டும் பெருத்தது. பனித்துகள் முகத்தில் அடித்தது. மேலேயோ எதிரேயோ இருள் மாதிரி ஒன்று அசைந்தது. லோர்னா கெட்டிலின் மேல் குப்புறக் கவிழ்ந்தாள். அந்தக் கணத்தில் அவள் கெட்டிலை நினைக்கவில்லை. ஒன்பது வருடத்துக்கு முன்னால் அந்தப் பைலட்டை இழுத்து வெளியே எடுத்தபோது அவன் கால்கள் இரண்டும் அவள் கையில் இருந்தன. அவன் கேட்டான், "காலைப் பிடிச்சிருக்கியா?" பிடித்துத்தான் இருந்தாள், அவனுக்குத்தான் தெரியவில்லை.

சத்தம் சாய்ந்தது. சாய்ந்து, தள்ளிப்போய், மெலிந்தது.

வெண்டல் கரி அப்பிய முகத்தோடு ஓடி வந்து நின்றான். எல்லாவற்றையும் பார்த்தான். போர்வை, அவள் கையில் ரேடியோ. அதை அவள் கையிலிருந்து வாங்கிக்கொண்டான். இருவரும் காத்திருந்தார்கள். ஒன்பது நிமிடம் கழித்து ரேடியோ கரகரத்தது.

"தரையில இருக்கேன்," என்றான் மெரிட். பாஸ் என்று சொல்லவில்லை. "யாரு கேக்கறது?"

"வெண்டல்."

"வெண்டல்தானா?"

"நான்தான், மெரிட்."

"சரி."

மூன்றாவது ஊசியில் காற்றே வரவில்லை. ரத்தம் கலந்த நீர் இரண்டு சொட்டு வந்தது. ஐந்தரை ஆகியிருந்தது. கெட்டில் முனகினாள். அவள் முனகி லோர்னா கேட்டதில்லை. வெண்டல் சிவப்பு மருந்துப் பெட்டியைத் திறந்து அடியிலிருந்த, கடைசி ஊசிக்கான குப்பியை எடுத்தான். ரேடியோவில் டாக்டரிடம் அளவு கேட்டான். டாக்டர் எடை கேட்டாள். லோர்னா சொன்னாள். டாக்டர் அளவு சொன்னாள். "நான் போடட்டுமா?" என்றான் வெண்டல். அவள் கையை நீட்டி வாங்கிக்கொண்டாள்.

ட்ரூடி போய் ஸ்பூனை அவிழ்த்துக்கொண்டு வந்தாள். ஸ்பூன் கெட்டிலை முகர்ந்தான், வாயோரம் நக்கினான், தீனி வாசனை கண்டு வயிற்றுப்பக்கம் போனான். கொஞ்ச நேரத்தில் அலுத்து, வாசலைப் பார்த்து உட்கார்ந்தான்.

எல்லாம் முடிந்த பிறகு வெண்டல், "ரேடியோவ மேஜமேல வெச்சிட்டுப் போனது என் தப்பு," என்றான்.

"திட்டு," என்றாள் லோர்னா.

"எதுக்கு?"

"கண்டபடி திட்டு. நான் வேணாம்னா சொன்னேன்?"

அவன் திட்டவில்லை. கரி அப்பிய கையைப் பேன்ட்டில் துடைத்துக்கொண்டு சமையல் கூடாரத்தைத் தூக்கி நிறுத்தப் போனான்.

மறுநாள் காலை ஆறு மணிக்கு வெண்டல் நான்கு டிரம்களை எண்ணினான். வானத்தில் மேகமே இல்லை. ஏழரைக்கு முதல் ஹெலிகாப்டர் வந்தது. அதில் தீனி மூட்டைகள், மாவு, மண்ணெண்ணெய், ஒரு புதுக் கூடாரக் கம்பு. துறைமுகத்தில் மூன்று கப்பல்கள் நின்றன. அன்று முப்பத்தொரு தரம் ஹெலிகாப்டர்கள் இறங்கின. லோர்னா பதினாறு வண்டி ஓட்டினாள். முன்னால் ஸ்பூன் ஓடினான். அவனுக்கு வலப்பக்கம் திரும்புவது இன்னும் சரியாக வரவில்லை. அவள் எல்லோரிடமும் ஏழு வாக்கியங்கள் சொன்னாள். மஞ்சள் தொப்பி போட்ட ஒரு பெண் காலியாக இருந்த நாய் வீட்டைக் காட்டி, "இதுல யாரும் இல்லையா?" என்று கேட்டாள். "கீழ போயிருக்கு," என்றாள் லோர்னா. பான்கேக் ட்ரூடி சுட்டாள். மெரிட் பத்து மணிக்கு வந்து இறங்கினான். பயணிகள் இறங்கியதும் போர்வைப் பொட்டலத்தை அவனே தூக்கிப் பின்னால் வைத்து வாரால் கட்டினான். அவன் லோர்னாவிடம் பேசவில்லை. இன்ஜின் ஓடிக்கொண்டிருந்தது, பேசினாலும் கேட்டிருக்காது. பான்கேக் சாப்பிடவில்லை. அடுத்த தரம் வந்தபோது வரிசையின் கீழ்க்கோடியில் நின்ற பழைய டிரம்கள் இரண்டைத் தொங்கவிட்டு எடுத்துப்போனான். மாலையில் லோர்னாவும் வெண்டலும் சேர்ந்து அந்த வாரம் நிரம்பிய இரண்டு டிரம்களை உருட்டிக்கொண்டு போய், மூன்றாவதின் இடத்திலும் நான்காவதின் இடத்திலும் நிறுத்தினார்கள்.